மைத்துனன் வேடம்

யால்டா,
3 செப்டம்பர் 1974

என் யாத்விகா,

இங்கே நலம். நீயும் அத்தையும் எப்படி இருக்கிறீர்கள்? அத்தையின் மூட்டுவலி குறைந்ததா? இங்கே பீட்ரூட் சூப்பில் பீட்ரூட்டைத் தவிர எல்லாம் இருக்கிறது.

ஏழாவது முறையாகப் படத்தில் ஜெர்மன் மேஜர் ஆகியிருக்கிறேன். லிதுவேனியாக்காரன் மூஞ்சி என்றாலே மாஸ்கோக்காரர்களுக்கு நாஜி மூஞ்சிதான். நான் வாயை அசைத்தால் போதும், குரலை வேறொருவன் கொடுத்துவிடுவான். மூன்று படம் இயக்கியவன் இப்படிப் பூட்ஸைத் தட்டிக்கொண்டு நிற்கிறேன். ஒப்பனைக் கண்ணாடியைப் பார்க்கவே அருவருப்பாக இருக்கிறது.

ஒரு செய்தி. ஸ்டுடியோ தலைவர் போன் செய்தார். இரண்டு வருடமாக அலமாரியில் கிடக்கும் நம் தேனீப் படத்தை வெளியிடுவார்களாம். "உன் மச்சான் மூஞ்சி மட்டும் அதுல இருக்கக் கூடாதுய்யா. ஸ்வீடனுக்கு நாடகம் போடப் போனவன் அங்கயே தங்கிட்டான். ஓடிப்போனவனை நாங்க திரையில காட்ட முடியுமா?" என்றார். யோசித்துச் சொல்கிறேன் என்றேன். கோபப்படாதே.

உன் ரோமாஸ்


வில்னியஸ்,
11 செப்டம்பர் 1974

அன்புள்ள ரோமாஸ்,

இதில் யோசிக்க என்ன இருக்கிறது? தேனீக்காரனாக நடித்ததே லெயோனாஸ்தான். என் தம்பியை எடுத்துவிட்டால் மிஞ்சுவது தேன்கூடுதான். அவன் எழுதும் கடிதம் எதுவும் நம் கைக்கு வருவதில்லை. நேற்றுகூட அம்மா, "அந்தப் படத்தை எப்பவாவது விடுவாங்களாடி? புள்ளை நடந்து வர்றதை ஒரு தடவை பாத்துட்டேன்னா போதும்" என்றாள்.

மறுத்துவிடு. இன்னும் பத்து மேஜர் வந்தாலும் வரட்டும், வயிற்றைக் கழுவிக்கொள்வோம். கம்பளிச் சட்டை அனுப்பியிருக்கிறேன். கடற்காற்றில் திறந்த மார்போடு நிற்காதே.

உன் யாத்விகா


யால்டா,
24 செப்டம்பர் 1974

அன்புள்ள யாத்விகா,

ஒப்புக்கொண்டுவிட்டேன். தேனீக்காரனாக நானே நடிக்கிறேன். பதினொரு காட்சிகளைத் திரும்ப எடுக்க வேண்டும். லெயோனாஸுக்கு வசனம் சொல்லிக்கொடுத்ததே நான்தானே, எல்லாம் மனப்பாடம். உயரமும் ஒன்றுதான். தாடி வளர்க்க ஆரம்பித்துவிட்டேன்.

என்னைத் திட்டுவாய். எனக்கு நாற்பத்தெட்டு வயதாகிறது. பெட்டிக்குள் கிடக்கும் படத்தை யார் பார்க்கப் போகிறார்கள்? போனவன் நிம்மதியாகப் போய்விட்டான். அதற்கான தண்டனையை நான் அனுபவிக்கிறேன்.

படத்தொகுப்பு மேசையில் நீதான் உட்கார வேண்டும். வேறு யாரிடம் கொடுத்தாலும் கொத்திப் போட்டுவிடுவார்கள். அத்தையிடம் இப்போதைக்குச் சொல்லாதே. சட்டை கிடைத்தது, கதகதப்பாக இருக்கிறது.

உன் ரோமாஸ்


வில்னியஸ்,
16 மார்ச் 1975

ரோமாஸ்,

மாஸ்கோவில் படத்துக்குப் பலத்த கைதட்டலாம், தலைவர் சொன்னார்.

வேறு யாரும் கொத்திப் போட்டுவிடக் கூடாதென்று நானே ஒட்டு தெரியாமல் வெட்டிச் சேர்த்துக் கொடுத்தேன். வெட்டிய சுருள்களை மீட்டர் மீட்டராக அளந்து வாங்கிக்கொண்டு போய், பிலிமில் இருக்கும் வெள்ளியை எடுப்பதற்காகக் கரைத்துவிட்டார்கள். ஒரு துண்டைக்கூட என்னால் மறைக்க முடியவில்லை.

வெள்ளிக்கிழமை இங்கே திரையிட்டபோது மேடையில் பூங்கொத்தை வாங்கிக்கொண்டு நேராக மாஸ்கோ ரயிலேறிவிட்டாய். மூன்றாவது வரிசையில் நடந்தது உனக்குத் தெரியாது. அம்மாவிடம் முன்பே சொல்லியிருக்க வேண்டும், எனக்கு வாய் வரவில்லை. ஆரம்பத்தில் தேனீக்காரன் முதுகைக் காட்டியபடி வேலியோரமாக நடந்து போவானே, முகம் தெரியாத இடம்தானே என்று நீ திரும்ப எடுக்காமல் விட்ட காட்சி. அதைப் பார்த்ததும் அம்மா என் கையை இறுகப் பிடித்துக்கொண்டு, "நம்ம புள்ளைடி! தோளைச் சாய்ச்சு நடக்கறான் பாரு!" என்றாள். சுற்றியிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அப்போது அவன் திரும்பினான். திரையில் நீ நின்றாய்.

அம்மா கையை எடுத்துக்கொண்டாள். வெளியே வந்த பிறகு, "தெரிஞ்சேதான் என்னைக் கூட்டிட்டு வந்தியா?" என்று மட்டும் கேட்டாள்.

நாங்கள் கௌனாஸில் சித்தி வீட்டுக்குப் போகிறோம். அங்கே வராதே. படத்திலிருந்து என் பெயரையும் எடுத்துவிடும்படி எழுதிக் கொடுத்திருக்கிறேன். ஆளையே எடுக்கத் தெரிந்த உங்களுக்குப் பெயரை எடுப்பது பெரிய வேலையில்லை.

யாத்விகா