பிரளயத்துக்கு அடுத்த வாரம் எட்டு நாள் லீவு

இன்று காலை பழைய பஞ்சாங்கங்களைக் கழிக்க எடுத்தேன். ஒன்றின் நடுவிலிருந்து ஓர் இன்லண்ட் லெட்டர் விழுந்தது. விலாசம் என் கையெழுத்து. ஒட்டியிருந்தது, தபால் முத்திரை மட்டும் இல்லை. ஓய், நீர் போய்ச் சேர்ந்து ஆறு வருடமாகிறது. இதைப் பற்றி உமக்குத்தான் எழுத வேண்டியிருக்கிறது.

எண்பதுகளின் தொடக்கம். டில்லியில் ஒரே ஆபீஸில் இருந்தோம். மலை மந்திர் கோயில் படியில் உட்கார்ந்து நீர் சொன்னீர்: "கலி முத்திட்டுவே. எல்லாக் கிரகமும் ஒரே பக்கமாக் கூடுது. மாசிக் கடைசியில பிரளயம். அதுக்குள்ள உம்ம அண்ணனுக்கு ஒரு லெட்டர் போட்டுரும்."

அப்பா காரியத்தில் வந்த ஒரு வார்த்தையால் அண்ணனும் நானும் அப்போது பதினோரு வருடமாகப் பேசாதிருந்தோம்.

உம்மை நான் நம்பவில்லை. என் வழக்கப்படி சரிபார்த்தேன். பஞ்சாங்கத்தில் பங்குனி முகூர்த்தங்கள் எப்போதும்போல் இருந்தன. ஐ.என்.ஏ. மார்க்கெட்டில் நீர் மூன்று மாதத்துக்கு அப்பளம் வாங்குவதைப் பார்த்தேன். கேட்டால், "பழக்கம்வே" என்றீர். இருந்தும் பயம் விடவில்லை. ஒரு ஞாயிறு எழுதி, ஒட்டி, மறுநாள் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு ஆபீஸ் வந்தேன்.

அன்று என் மேஜைக்கு வந்த விடுப்பு மனுக்களில் உம்முடையதும் ஒன்று. தங்கை மகள் கல்யாணம், திருநெல்வேலி, எட்டு நாள். பிரளயத்துக்கு அடுத்த வாரம்.

"என்ன ஓய் இது?" என்று நீட்டினேன்.

நீர் டீயை உறிஞ்சிக்கொண்டே, "அச்சா, உலகம் அழிஞ்சிட்டா லீவைக் கேன்சல் பண்ணிரும்" என்றீர். ஆபீஸில் எங்கள் பிரிவே சிரித்தது.

ஏமாந்துவிட்டதாகத் தோன்றியது. மனுவைப் பரிந்துரைத்து மேலே அனுப்பினேன். கடிதத்தை வீட்டில் பஞ்சாங்கத்துக்குள் செருகினேன்.

பங்குனியில் நீர் அல்வாவோடு திரும்பினீர். "போட்டீராவே?"

"போட்டேன்."

என் முகத்தைச் சற்று நேரம் பார்த்தீர். பிறகு பொட்டலத்தைப் பிரித்தீர்.

ஆடியில் அண்ணன் போய்விட்டதாகத் தந்தி வந்தது. நீர்தான் என்னை ரயிலேற்றினீர். கடிதத்தைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. தெரிந்துதான் கேட்கவில்லை என்று இன்றும் சந்தேகிக்கிறேன்.

பிரளயத்தை நீர் நிஜமாக நம்பினீரா என்று வெகுகாலம் யோசித்தேன். இப்போது என் சந்தேகம் உம்மேல் இல்லை. அந்த மனு வராதிருந்தாலும், தபால் பெட்டிக்குப் போகும் வழியில் வேறொரு காரணத்தைக் கண்டுபிடித்திருப்பேனோ?

பஞ்சாங்கங்களைக் கழித்தாயிற்று. கடிதம் மறுபடியும் சட்டைப்பையில் இருக்கிறது. அண்ணனுக்கு என்ன எழுதினேன் என்பது மறந்துபோயிற்று. பிரித்துப் பார்க்கத் தைரியம் வரவில்லை.