விதுசனின் வழக்குத் தவணைகள்

2024 பெப்ரவரி 5, திங்கள்

கீழ் வயல் வெட்டி முடிந்தது. நெல் இன்னும் ஈரம். நாளை வவுனியாவில் தவணை. கமலாசனி பேத்திக்கென்று பயத்தம் பணியாரம் சுடுகிறாள். வழக்கைப் பற்றி ஒரு கேள்வியும் இல்லை. "சாரங்காவை எனக்கும் சேத்துப் பாத்துக்கொண்டு வாங்கோ" என்று மட்டும் சொன்னாள்.

பெப்ரவரி 6, செவ்வாய்

நீர்ப்பாசனத் திணைக்களத்தின் சட்டத்தரணி அவகாசம் கேட்டார். மே மாதத்துக்குத் தள்ளிவைத்தார்கள்.

குளத்து மதகு வேலையில் சுவர் சரிந்து மகன் விதுசன் செத்து மூன்று வருடம். நட்டஈடு தருவோம் என்று கடிதம் தந்தவர்களே, அவன் தங்கள் வேலையாள் என்பதற்கு அட்டையைக் காட்டு என்கிறார்கள். அதனால்தான் நானும் மருமகள் கஜனியும், கொடுக்கச் சொல்லிக் கட்டளையிடுங்கள் என்று மனுப் போட்டோம்.

அட்டைக்கு எங்கே போவது? அரசாங்க வேலை என்று அதைக் கோயிலுக்கும் கழுத்தில் மாட்டிக்கொண்டு போனவன். சுடலைக்குக் கொண்டுபோகும்போது, "என்ரை பிள்ளைக்கு விருப்பமானது" என்று கமலாசனி அவன் சட்டைப்பைக்குள் வைத்தாள். பெற்றவளை யார் தடுப்பார்கள்? அவனோடு சேர்ந்து எரிந்துவிட்டது.

கஜனி கூட்டிவந்த சாரங்கா, நீதிமன்ற வளவு வேப்பமரத்தடியில் என் மடியில் இருந்து பணியாரம் தின்றாள். "அப்பப்பா, உங்கடை பல்லு எங்கை?" என்று வாய்க்குள் எட்டிப் பார்த்தாள்.

பெப்ரவரி 9

நெளுக்குளத்தில் கஜனியின் தாய்வீட்டுக்கே போய்ப் பிள்ளையைப் பார்த்தால் என்ன என்று கமலாசனி கேட்டாள். எப்படிப் போவது? முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி முடிந்த கையோடு சம்பந்தி சிற்றம்பலம் மகளையும் பேத்தியையும் கூட்டிக்கொண்டு போனார். பிறகு நான் போனபோது படலையைத் திறக்கவில்லை. "உங்கடை முகத்தைக் கண்டாப் பிள்ளை தேப்பனைக் கேட்டு அழுகுது. இனி வரவேண்டாம்" என்றார். அப்போது அவளுக்கு ஒன்றரை வயது. இப்போது என்னைக் கண்டால் சிரிக்கிறாள். அதை அந்த மனிதருக்கு யார் சொல்வது?

மே 14, செவ்வாய்

மறுபடி தள்ளிவைப்பு. கஜனியின் முகம் வாடிப்போனது. எனக்கு — எழுதவே வெட்கமாயிருக்கிறது — எனக்குச் சந்தோசம். செப்டெம்பரிலும் சாரங்காவைப் பார்க்கலாம். நானெல்லாம் ஒரு மனிசனோ? செத்தது என்ரை பிள்ளையெல்லோ. அவன்ரை வழக்கு முடியக்கூடாதெண்டு நிக்கிறன்.

செப்டெம்பர் 10, செவ்வாய்

வேலைத்தளத்தில் மேற்பார்வையாளராக இருந்த சதீஸ், விதுசன் தன் கீழ் வேலை செய்தவன் என்று சத்தியக்கடதாசி கொடுத்துவிட்டார். இனி அட்டை தேவையில்லையாம். அவர் கையைப் பிடித்து நன்றி சொன்னேன்.

தேநீர்க் கடையில் கஜனி தலையைக் குனிந்துகொண்டு சொன்னாள். "மாமா, உங்களுக்கு மறைக்கேலாது. திருகோணமலையிலை ஒரு இடம் பேசினம். பிள்ளையையும் ஏற்கிறாராம்."

"நல்ல பெடியனோ?"

"ஓம் மாமா. வழக்கு முடியட்டும் எண்டு நிக்கிறன். காசு சாரங்கான்ரை பேரிலை வங்கியிலை கிடக்கோணும். அவள் ஒருத்தரிட்டையும் கையேந்தாமல் படிக்கோணும்."

நல்லா இரு பிள்ளை என்றேன். மனதாரத்தான் சொன்னேன்.

செப்டெம்பர் 12

கமலாசனிக்கு இன்னும் சொல்லவில்லை.

2025 ஜனவரி 21, செவ்வாய்

கட்டளை கிடைத்துவிட்டது. எட்டு வாரத்துக்குள் கொடுக்க வேண்டும். "ஐயா, வெண்டிட்டம்!" என்றார் எங்கள் சட்டத்தரணி பிரேமிளா. கஜனி என் காலைத் தொட்டுக் கும்பிட்டாள். நான் அழுதேன். சந்தோசத்தில் அழுகிறேன் என்று பிரேமிளா தண்ணீர்ப் போத்தலை நீட்டினார்.

மார்ச் 18, செவ்வாய்

பணம் வந்துவிட்டதென்று நீதிமன்றத்தில் சொல்லி வழக்கை முடித்தார்கள். கஜனி வரவில்லை. வரத் தேவையில்லையாம். அது தெரியாமல் நான் போயிருந்தேன்.

மே 4

கஜனி திருகோணமலையிலிருந்து பேசினாள். கோயிலில் தாலி கட்டியாயிற்றாம். பின்னால் சாரங்காவின் சத்தம் கேட்டது. "அப்பப்பா கதைக்கிறார், வா" என்று தாய் இரண்டு தரம் கூப்பிட்டாள். பிள்ளை விளையாட்டை விட்டு வரவில்லை. கமலாசனி போனைக் காதிலிருந்து எடுக்காமல் கனநேரம் வைத்திருந்தாள்.

யூன் 17, செவ்வாய்

உரம் எடுக்கக் கிளிநொச்சிக்கு என்று சொல்லி வெளிக்கிட்டேன். அங்கே வவுனியா பஸ் நின்றது. ஏறிவிட்டேன்.

நீதிமன்ற வளவில் வேப்பமரத்தடி வாங்கில் இருந்தேன். பக்கத்தில் கொக்கிளாயிலிருந்து வந்த ஒருவர், காணி வழக்காம். "உங்கடை வழக்கு முடிஞ்சுதோ ஐயா?" என்று கேட்டார்.

"இல்லை. இன்னும் கூப்பிடேல்லை" என்றேன்.

மத்தியானம் எல்லோரும் கலையும்வரை அவரோடு இருந்தேன்.