நஸீஹாவுக்கு வந்த நோயின் பெயர்

சலாலா
8.9.2006

என் கண்ணான மகள் ஜன்னத்துல் ஃபிர்தௌஸுக்கு உம்மா எழுதிக்கொள்வது, அஸ்ஸலாமு அலைக்கும். அல்லாஹ்வின் கிருபையால் நானும் வாப்பாவும் உன் தங்கை நஸீஹாவும் இங்கே நல்ல சுகம், பர்மிங்ஹாமில் நீயும் மருமகனும் பச்சைப்பிள்ளையும் அதேபோல் சுகமாக இருக்க ஒவ்வொரு தொழுகையிலும் கேட்டுக்கொண்டிருக்கிறேன். பிள்ளையின் போட்டோ வந்து சேர்ந்தது, நெற்றி அப்படியே வாப்பாவின் நெற்றி, அவர் அதைக் கடையில் கல்லாப்பெட்டிக்கு மேலே ஒட்டிவைத்துத் துணி வாங்க வருகிற ஓமானிப் பெண்களுக்கெல்லாம் காட்டுகிறார். இங்கே கரீஃப் மழைக்காலம் முடியப்போகிறது. மலை இன்னும் பச்சையாகத்தான் கிடக்கிறது, பஞ்சு மாதிரி பனி இறங்கி ஜன்னல் வரைக்கும் வந்து நிற்கிறது, ரோட்டில் ஒட்டகங்கள் கால் தெரியாமல் மிதந்து போகின்றன, கார்களெல்லாம் விளக்கைப் போட்டுக்கொண்டு அவற்றின் பின்னால் மெதுவாக ஊர்கின்றன. வீட்டில் காய்ந்த துணி என்று ஒன்று கிடையாது. இந்தப் பனிக்குள் இருந்துகொண்டு எதை நினைத்தாலும் நடந்ததா கனவா என்றே தெரியவில்லை, ஆனால் இப்போது நான் எழுதப்போவது நடந்ததுதான் மகளே, பிள்ளையை மடியிலிருந்து இறக்கிவைத்துவிட்டு நிதானமாகப் படி.

நீ நிறைமாதமாக இருந்த ஜூன் கடைசியில், முதல் சாரல் விழுந்ததும் எல்லோரும் போகிற மாதிரி நாங்களும் மலைக்குப் போயிருந்தோம். புல்லில் பாய் விரித்து டீ ஊற்றிக்கொண்டிருந்தேன். நஸீஹா கொஞ்சம் தள்ளி, பனிக்குள் நின்று கையை நீட்டிச் சாரலைப் பிடித்துக்கொண்டிருந்தாள், திரும்பிப் பார்த்து, "உம்மா, தூரத்துல யாரோ என் பேரைச் சொல்லிக் கூப்புடுறாங்க, கேக்குதா?" என்றாள். யாரும் கூப்பிடவில்லை. அவள் வலது கை தானாக ஆட ஆரம்பித்தது, அதை அவளே ஏதோ அடுத்தவர் கையைப் பார்ப்பதுபோல் வேடிக்கை பார்த்தாள், பிறகு விழுந்தாள். வாய் ஒரு பக்கம் கோணி, உடம்பு முழுக்க வெட்டி இழுத்து, என் பிள்ளை எனக்குத் தெரியாத வேறொரு ஆளாகி மறுபடி என் பிள்ளையானாள். கண் விழித்ததும் அவள் கேட்டது, "நான் தூங்கிட்டேனா? நல்ல வெளிச்சமா இருந்துச்சு உம்மா, பாலுக்குள்ள நடக்குற மாதிரி." வாப்பா அவளைத் தூக்கிக்கொண்டு காருக்கு ஓடினார், ஒரு கால் செருப்பு மலையிலேயே போனது.

ஆஸ்பத்திரியில் தலையை ஸ்கேன் செய்தார்கள். அங்கே ரெஷ்மா என்று ஒரு டாக்டர், நாகர்கோவில் பெண், நல்ல தமிழில் பேசுவாள். மூளையில் பட்டாணி அளவுக்கு ஒரு கட்டி மாதிரி தெரிகிறது, கேன்சர் இல்லை பயப்படாதீர்கள், நாடாப்புழுவின் குஞ்சு போய்க் கூடு கட்டியிருக்கிறது என்றாள். என்ன நாடாப்புழு என்று வாப்பா கேட்டார். பன்றியிடமிருந்து வருகிற ஜாதி என்று அவள் சொன்னதும் வாப்பா நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்துவிட்டார். "நாங்க யாருன்னு தெரிஞ்சுதான் பேசுறீங்களா? எங்க தலைமுறையிலயே அதைத் தொட்டவங்க கிடையாது!" அவள் கோபப்படவில்லை. "உக்காருங்க வாப்பா. அந்தக் கறியை அரைவேக்காட்டுல தின்னவங்களுக்குக் குடல்லதான் புழு வளரும். உங்க மகளுக்கு வந்தது அது இல்ல. அந்தப் புழு உள்ள ஒருத்தர் கக்கூஸ் போயிட்டுக் கையைச் சரியாக் கழுவாம சமைச்சா, கண்ணுக்குத் தெரியாத முட்டை சாப்பாட்டுல ஒட்டிக்கும். அதை முழுங்குனவங்க உடம்புலதான் இந்தக் கூடு. கறியே தொடாதவங்களுக்கும், அஞ்சு வேளை தொழுறவங்களுக்கும் வரும். அதுக்கு மதமெல்லாம் தெரியாது." மாத்திரையில் கரைந்துவிடும், வலிப்பு மாத்திரை மட்டும் கொஞ்ச காலம் தொடர்ந்து போட வேண்டும், வீட்டில் சாப்பிடுகிற, சமைக்கிற எல்லோருக்கும் மலப் பரிசோதனை செய்ய வேண்டும் என்றாள்.

எனக்கு முழங்கால் வீங்கியதிலிருந்து பகல் சாப்பாடு கடைக்கு மேலே இருக்கிற சமையல்கட்டிலிருந்துதானே வருகிறது, அம்மையப்பன் கையால். நீ இருக்கும்போதே அப்படித்தான். எங்களுக்கெல்லாம் ஒன்றுமில்லை, அவருக்கு இருந்தது. கடையில் இருப்பவர்கள் அன்றைக்கே அவர் தட்டையும் டம்ளரையும் ஒதுக்கி வைத்துவிட்டார்கள். அந்த மனிதர் நம் வீட்டு வாசலில் வந்து நின்று, உள்ளே வரச் சொன்னால்கூட வராமல், "லீவுல ஊருக்குப் போனப்ப கோயில் கொடை விருந்துல அந்தக் கறியைத் தின்னேன் ராத்தா. வயித்துல அப்படி ஒண்ணு இருக்குன்னு எனக்கு ஒரு நாளும் தெரியல. பிள்ளைக்கு நானே விஷம் வெச்ச மாதிரி ஆயிட்டே. என்னைய ஊருக்கு அனுப்பிருங்க" என்று அழுதார். வாப்பா முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றார், எனக்கும் நெஞ்சு கொதித்தது, இல்லை என்று சொல்லமாட்டேன். அவருக்கு ஒரே வேளை மாத்திரைதான், புழு போய்விட்டது, திரும்பப் பரிசோதித்தும் ஒன்றுமில்லை. ஆனால் எங்கள் மனதிலிருந்து அது போகவில்லை.

அதற்குள் மஸ்கட்டில் நஸீஹாவுக்குப் பேசிவைத்திருக்கிற சாதிக் பாட்ஷாவின் வாப்பா காதர் மைதீன் காதுக்குச் செய்தி போய்விட்டது. போன் செய்தார். நிக்காஹை நிறுத்த மாட்டோம், ஆனால் இந்த நோயின் பெயர் வெளியே வரக்கூடாது, யார் கேட்டாலும் ஒற்றைத் தலைவலி என்றே சொல்லுங்கள், அந்தச் சமையல்காரனைக் கணக்கு முடித்து அனுப்பிவிடுங்கள், அவன் இருந்தால் பேச்சு இருந்துகொண்டே இருக்கும் என்றார். நல்ல மனதோடுதான் சொன்னார். வாப்பா ரிசீவரைப் பிடித்தபடி தலையை ஆட்டிக்கொண்டே இருந்தார், சரி என்று வாயைத் திறக்கிற நேரத்தில் நஸீஹா வந்து அதை வாங்கிக்கொண்டாள். மாத்திரையால் முகமெல்லாம் உப்பி, அரைத் தூக்கத்தில் இருக்கிற பிள்ளை மாதிரி இருந்தாள். "மாமா, அவங்ககிட்ட குடுங்க" என்றாள். அந்தப் பையன் வந்ததும் பன்றி நாடாப்புழு என்று நோயின் பெயரைப் பச்சையாகச் சொல்லி, "இதுதான் எனக்கு வந்தது. மறைச்சுக் கட்டிக்கிட்டு, ஒரு நாள் உங்க முன்னால விழுந்தா அப்ப என்னன்னு சொல்வேன்? அம்மையப்பன் அண்ணனை நாங்க அனுப்பப் போறதில்ல. யோசிச்சுச் சொல்லுங்க" என்று வைத்துவிட்டாள். வாப்பா அவளை ஒரு வார்த்தை திட்டவில்லை. சோபாவில் உட்கார்ந்து கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

அதோடு நிற்கவில்லை அவள். என்னைத் துணைக்குக் கூட்டிக்கொண்டு கடை மாடிக்கு ஏறினாள். அம்மையப்பன் பெட்டி கட்டிக்கொண்டிருந்தார். "அண்ணே, நீங்க போயிட்டீங்கன்னா எல்லாரும் பேசுறது சரின்னு ஆயிரும். வேணும்னா குடுத்தீங்க? நீங்களும் என்னைய மாதிரி தெரியாம வாங்கினவங்கதான?" என்றாள். அவர் பெட்டியிலிருந்து சட்டைகளை ஒவ்வொன்றாக எடுத்துக் கொடியில் திரும்பப் போட்டார். எனக்குள் கொதித்ததெல்லாம் அப்போதுதான் அடங்கியது.

மஸ்கட்டிலிருந்து ஒரு வாரம் சத்தமே இல்லை. பிறகு ஒரு காலையில் கதவைத் திறந்தால் சாதிக் பாட்ஷா நிற்கிறான், அத்தனை பெரிய பாலைவனத்தையும் பஸ்ஸில் தாண்டி வந்திருக்கிறான், கடைசி மலையில் ஏறியதும் வெயில் அணைந்து பனிக்குள் நுழைந்தது வேறு துனியாவுக்குள் நுழைந்த மாதிரி இருந்தது மாமி என்றான். நேராக டாக்டர் ரெஷ்மாவைப் பார்த்துவிட்டுத்தான் நம் வீட்டுக்கு வந்திருக்கிறான். தொற்றுமா, பிள்ளை பெறலாமா எல்லாம் கேட்டானாம், மனைவியிடமிருந்து கணவனுக்கு ஒட்டுகிற நோய் இல்லை, மாத்திரையைப் பார்த்துக்கொண்டு பிள்ளையும் பெறலாம் என்று அவள் சொன்னாளாம். டீயைக் குடித்துவிட்டு வாப்பாவிடம், "எங்க வாப்பா ஊருக்குப் பயந்து பேசிட்டாங்க. நான் ஒண்ணுதான் கேக்குறேன். மாத்திரை நேரத்தை அவளுக்கு இப்ப யாரு ஞாபகப்படுத்துறா? கல்யாணத்துக்கு அப்புறம் அந்த வேலையை எனக்குக் குடுங்க" என்றான். உள்ளே நஸீஹா சிரித்த சத்தம் எங்களுக்குக் கேட்டது. காதர் மைதீன் இன்னும் என்னிடம் சரியாகப் பேசுவதில்லை, போகட்டும், நோன்புப் பெருநாள் கழிந்து நாள் வைக்கச் சம்மதித்துவிட்டார்.

போன சனிக்கிழமை மறுபடி ஸ்கேன் எடுத்தோம். கூடு சுருங்கிக் கடுகளவு தழும்பாகிவிட்டது அல்ஹம்துலில்லாஹ். வீட்டுக்கு வந்ததும் அவள் குளிக்கப் போனாள், உள்ளே தாழ்ப்பாள் விழுகிற சத்தம் கேட்டது. இத்தனை நாளும் அவளைக் கதவைப் பூட்ட விடாமல் நான் வெளியே உட்கார்ந்திருப்பேன். அன்றைக்கு எழுந்துபோய் அடுப்பைப் பார்த்தேன், திரும்பிப் போகவில்லை.

அன்றைக்குத்தான் டாக்டர் கேட்டாள், அந்தச் சாப்பாட்டைச் சாப்பிட்ட வேறு யாராவது வெளியூரில் உண்டா என்று. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது, கல்யாணமாகிப் போகிறவரைக்கும் அதே தட்டில் நீயும் தானே மகளே சாப்பிட்டாய். உனக்கு ஒன்றும் இருக்காது, பெரும்பாலானவர்களுக்கு இருக்காது என்றுதான் அவளும் சொன்னாள், ஆனாலும் ஒரு தடவை பார்த்துவிட வேண்டும். அதனால்தான் நேற்று போனில் பரிசோதனைக்குப் போ என்று அவசரப்பட்டேன், நீ எதற்கு என்றாய், உன் மாமியார் பக்கத்தில் இருக்கிறார்கள் என்று நான் பேச்சை மாற்றினேன். பிள்ளைக்குப் பால் கொடுக்கிறாய் என்பதையும் டாக்டரிடம் சொல். கீரையை ஓடுகிற தண்ணீரில் அலசு, சமைக்கும் முன் சோப்புப் போட்டுக் கை கழுவு, நகத்தை ஒட்ட வெட்டிக்கொள்.

உனக்கும் மருமகனுக்கும் என் பேரனுக்கும் அல்லாஹ் நீண்ட ஆயுளையும் நிம்மதியான தூக்கத்தையும் தருவானாக. வாப்பா ஸலாம் சொல்லச் சொன்னார், நஸீஹா தனியாக எழுதுகிறாளாம். ஆஸ்பத்திரியில் தலைவலி, கிலைவலி என்று எதையாவது சொல்லாதே. உன் தங்கை சொன்ன மாதிரி, மாமியார் பக்கத்தில் இருந்தாலும் சரி, பெயரைச் சொல்லியே கேள்.

துஆவுடன்,
உன் உம்மா
உம்மு சல்மா