பனிக்குள் பதினொரு பேர்

சார்,

டின்னைத் திறந்ததும் வினிகர் நாற்றம் குப்பென்று முகத்தில் அடித்தது. "ஊறுகாயா அத்தே?" என்று அடுப்படியிலிருந்து மருமகள் கேட்டாள். பழைய பிலிம் கெட்டால் இப்படித்தான் நாறும் என்று நீங்கள் ஒருமுறை சொன்னீர்கள். டின்னை அனுப்பியது உங்கள் மகள். "அப்பா இறந்துவிட்டார், இதை மேரிக்கு என்று எழுதி வைத்திருந்தார்" என்று கூடவே அவள் கடிதம்.

ஜப்பானில் கேமராப் பெட்டி தூக்கத் தொடங்கி, முப்பது வருடம் பேய்ப்படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவர் நீங்கள். எங்கள் தேயிலை எஸ்டேட்டுக்குப் படமெடுக்க வந்தபோது புகை மெஷினை லோரியிலிருந்து இறக்கவே விடவில்லை. "பொய்ப்புகை நிறையப் போட்டாச்சு, போதும்" என்று அரைகுறை மலாயில் சொல்லிவிட்டு, நிஜப் பனிக்காக மூன்று நாள் குந்தியிருந்தீர்கள். அப்படி ஒரு பிடிவாதம்!

நான்காம் நாள் காலை பனி இறங்கியது. கொழுந்து பறிக்க நாங்கள் பத்துப் பேர். பனி மூடினால் பக்கத்து நிரைக்காரியைப் பேர் சொல்லிக் கூப்பிட வேண்டும், அவள் பதில் கொடுக்க வேண்டும். சரிவில் யாரும் தவறிவிடாமல் இருக்க அதுதான் எங்கள் வழக்கம். நானோ பழக்கதோஷத்தில், "ஸ்டெல்லா!" என்று கூப்பிட்டுத் தொலைத்தேன்.

ஸ்டெல்லா என் தங்கை. அவள் செத்து நாற்பது நாள்கூட ஆகவில்லை. அவள் செத்த அன்று காலையில் ஒரு சுவெட்டருக்காக எங்களுக்குள் சண்டை. பனிக்குள் "அக்கா, அக்கா" என்று மூன்று தரம் கூப்பிட்டாள். கத்தட்டும் என்று வாயை மூடிக்கொண்டிருந்தேன், பாவி. என்னைத் தேடி நடந்தவள் பள்ளத்தில் விழுந்தாள். இதை நான் பாதரிடம்கூடச் சொன்னதில்லை.

"ஏய் மேரி, யாரைக் கூப்புடுற லா?" கங்காணி பனிக்குள்ளிருந்து கத்தினார். நீங்கள் கேமராவிலிருந்து கண்ணை எடுத்தீர்கள். முகம் வெளுத்திருந்தது. "செபெலாஸ் ஓராங்" என்றீர்கள். பதினொரு பேர். தலையை எண்ணிப் பார்த்தோம். பத்துதான்.

அந்தக் காட்சியை நீங்கள் படத்தில் சேர்க்கவில்லை. புறப்படும்போது, "வெச்சிருக்கேன். பாக்கணும்னா கேளு" என்றீர்கள். நான் கேட்கவே இல்லை. அதில் ஸ்டெல்லா இருந்து, அவள் முகத்தில் கோபம் இருந்தால் எப்படித் தாங்குவேன்?

இன்று சுருளை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து, பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தேன். பத்துப் பேர்தான் இருக்கிறோம். ஸ்டெல்லாவின் நிரையில் வெறும் பனி. அட போங்க சார் என்று வைக்கப் போனபோதுதான் என்னைக் கவனித்தேன். வாயைத் திறந்து கூப்பிடுகிறேன். அடுத்தடுத்த கட்டங்களில் அந்தக் காலி நிரைப் பக்கம் திரும்புகிறேன். தலையைச் சாய்த்து எதையோ கேட்கிறேன். பிறகு சிரிக்கிறேன். அன்று சிரித்ததாக எனக்கு நினைவே இல்லை.

உங்கள் கேமராவில் சத்தம் பதியாது. என்ன சொன்னாள் என்று இனி தெரியப்போவதில்லை. ஆனால் நான் கூப்பிட்டதற்கு அவள் பதில் கொடுத்திருக்கிறாள், சார். நான் அவளுக்குக் கொடுக்காத பதில் இன்னும் என் தொண்டையிலேயே இருக்கிறது.