என்னுடைய ஒன்றரை வருஷம்

12 ஜூன் 1990
மத்தியான ஷிப்ட். தாம்பரம் ஸ்டேஷன் வெயிலில் மயங்கிக் கிடந்தது, கவுண்டருக்குள் நானும் பாதித் தூக்கத்தில் டிக்கெட் கொடுத்துக்கொண்டிருந்தேன். கவுண்டர் ஓட்டை வழியே முகம் வருவதில்லை, கைகள்தான் வரும். மருதாணிக் கை, சுண்ணாம்பு ஒட்டிய கை, கனகாம்பரம் கட்டிவிட்டு வந்த ஈரக் கை. கல்யாணம் பண்ணிக்கொள்ளாதவள் இத்தனை காலம் இந்தக் கைகளோடுதான் குடித்தனம் நடத்தியிருக்கிறேன்.

சூப்பர்வைசர் வந்து, “யூனிஸ் மேடம், தொண்ணூத்திரெண்டு மே மாசம் ரிட்டயர்மெண்ட், ஞாபகம் இருக்கா?” என்றார். ரயில்வே கணக்கில் நான் 1934 ஜூன் முதல் தேதி பிறந்தவள். அம்மா கணக்கில் 1935 டிசம்பர், கிறிஸ்துமஸுக்கு முந்தின வாரம். நடுவில் ஒன்றரை வருஷம் காணோம்.

13 ஜூன்
அது காணாமல் போன கதை எங்கள் குடும்பத்தில் பழைய சிரிப்பு. 1940-ல் மாமா என்னையும் அக்கா ஜெயசீலியையும் ஒரே நாளில் பள்ளிக்கூடத்தில் சேர்த்தார். வலது கையைத் தலைக்கு மேலே வளைத்து இடது காதைத் தொட்டால் வயசாகிவிட்டது என்று அர்த்தம், அதுதான் அன்றைய வழக்கம். அக்கா டைபாய்டு வந்து எழுந்து நோஞ்சானாக இருந்தாள், எட்டவில்லை. சின்னவள் நான், வாழைத்தண்டு மாதிரி கை, சுலபமாகத் தொட்டேன். மாமா சொல்லச் சொல்லக் கேட்காமல் வாத்தியார் என்னை மூத்தவளாகவும் அக்காவை ஒரு வருஷம் இளையவளாகவும் எழுதிவிட்டார். எல்லாப் பிள்ளைகளுக்கும் போல இருவருக்கும் ஜூன் ஒன்று.

பள்ளிக்கூடத்தில் நான் அக்கா, வீட்டில் அவள் அக்கா.

3 செப்டம்பர்
ஆபீஸில் எழுதிக் கேட்டேன். பிறந்த தேதியைத் திருத்த முடியாதாம். வேலையில் சேர்ந்த புதிதிலேயே கேட்டிருக்க வேண்டுமாம். அப்போது யாருக்குத் தோன்றும், இருபத்தைந்து வயசில்?

வக்கீல் பட்டாபிராமனைப் பார்த்தேன். செங்கல்பட்டு கோர்ட்டில் கேஸ் போடலாம் என்றார்.

19 டிசம்பர்
இன்று என் நிஜப் பிறந்தநாள். யாருக்கும் சொல்லவில்லை.

கவுண்டரில் ஒரு நினைப்பு. அந்த ஒன்றரை வருஷம் எங்கேயோ ஒரு சின்ன ஸ்டேஷன் மாதிரி இருக்கிறது. பிளாட்பாரத்தில் புங்க மரம், ஆள் நடமாட்டம் இல்லை. எந்த வண்டியும் அங்கே நிற்பதில்லை. நான் மட்டும் அதற்கு டிக்கெட் அடித்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன்.

8 ஆகஸ்ட் 1991
வக்கீல் கூப்பிட்டு அனுப்பினார். ரயில்வே தரப்பு அக்காவின் பள்ளிச் சான்றிதழைத் தேடி எடுத்துவிட்டதாம். அதில் அவள் பிறந்தது 1935 ஜூன். “ஜூன்ல ஒரு பொண்ணு, டிசம்பர்ல இன்னொரு பொண்ணா? ஜட்ஜ் சிரிப்பார்மா” என்றார். எங்கள் ஞானஸ்நானப் பதிவைக் கரையான் தின்றாயிற்று. அக்காவே வந்து, நான்தான் மூத்தவள் என்று சொல்லவேண்டும், வேறு வழியில்லை என்றார்.

படி இறங்கும்போதுதான் உறைத்தது. அக்கா குரோம்பேட்டை தபாலாபீஸில் இருக்கிறாள். தொண்ணூற்று மூன்று மே வரைக்கும் சர்வீஸ். நிஜ வயசைச் சொன்னால் வரும் பிப்ரவரியிலேயே வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். அவள் புருஷன் ரத்தினம் மச்சான் பக்கவாதத்தில் படுத்தபடி இருக்கிறார். அவள் சம்பளம்தான் அந்த வீடு.

என் வருஷங்கள் எங்கேயும் போகவில்லை. அக்கா வீட்டில் அடுப்பு எரிக்கின்றன.

9 ஆகஸ்ட்
அதுக்காக நான் இன்னா பண்றது? எனக்கு மட்டும் ஆசை இருக்கக் கூடாதா? வேலைய விட்டா இந்த வீட்ல செவுத்தோட பேசணும். எப்பவும் நானே விட்டுக் குடுக்கணுமா? நானா பொய் சொல்லச் சொல்றேன் — உண்மையத்தானே.

25 ஆகஸ்ட்
அக்காவிடம் போய்ச் சொன்னேன். மச்சானுக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டே கேட்டாள். வாயைத் துடைத்துவிட்டாள், தட்டைக் கழுவினாள், புடவையில் கையைத் துடைத்தாள். அப்புறம், “உண்மையத்தானே சொல்லணும். வரேன் போ” என்றாள்.

21 நவம்பர்
மழை. செங்கல்பட்டு வண்டியில் நானும் அக்காவும் எதிரெதிரே. வண்டலூர் தாண்டி ஏரியெல்லாம் நிரம்பி, வண்டி தண்ணீர் மேலேயே போகிறது போல் இருந்தது. காட்டாங்குளத்தூரில் அக்கா வேர்க்கடலை வாங்கினாள், உரித்து உரித்து என் கையில் போட்டாள். அவள் ஒன்றும் தின்னவில்லை.

கூண்டில் ஏறினாள். பேர் கேட்டார்கள், சொன்னாள். யூனிஸ் உங்களுக்கு என்ன உறவு என்றார் பட்டாபிராமன்.

“எனக்கு அக்கா. ஒரு வயசு மூத்தவங்க.”

அவர் மறுபடி கேட்டார். அவள் மறுபடி அதையே சொன்னாள், தரையைப் பார்த்துக்கொண்டு.

பட்டாபிராமன் என் பக்கம் குனிந்தார். பல்லாவரம் சர்ச்சில் அவள் கல்யாணத்தின்போது நிஜ வயசை எழுதிய பதிவின் நகலை இதற்குள் தேடி எடுத்து வைத்திருந்தார். அதைக் காட்டி இரண்டே கேள்வி கேட்டால் கேஸ் நம் பக்கம் என்றார். நம் சாட்சியையே குறுக்கு விசாரணை செய்ய கோர்ட்டில் அனுமதி கேட்க நிமிர்ந்துவிட்டார்.

சின்ன வயசில் நான் கருவாட்டைத் திருடித் தின்றுவிட்டு மாட்டிக்கொள்வேன். அப்போது அவளைப் பார்த்து, “அக்கா” என்பேன், அடிக்காதே என்கிற குரலில். இன்று கூண்டிலிருந்து வந்தது அந்தக் குரல்.

அவர் கவுனைப் பிடித்து இழுத்தேன். “வேணாம் சார்.”

“நீங்க தோத்துடுவீங்கம்மா.”

“கேக்காதீங்க சார். உட்காருங்க.”

திரும்பும்போது அவள் வேறு பெட்டியில் ஏறிக்கொண்டாள்.

22 நவம்பர்
கோபம். பெரிய கோபம். வரமாட்டேன் என்று அன்றைக்கே சொல்லியிருக்கலாமே. கெஞ்சியிருந்தால் நானே கேஸை வாபஸ் வாங்கியிருப்பேன். வாங்கியிருப்பேனா?

27 பிப்ரவரி 1992
கேஸ் தள்ளுபடி.

31 மே
ஞாயிறு என்றாலும் டியூட்டி போட்டுத் தரச் சொல்லிக் கேட்டு வாங்கினேன். கடைசியாக வந்தது ஒரு குழந்தையின் கை. பின்னாலிருந்து யாரோ தூக்கிப் பிடித்திருக்க வேண்டும், எட்டி எட்டிக் காசை வைத்தது. கிண்டிக்கு ஒரு டிக்கெட் கொடுத்தேன். மாலை போட்டார்கள். அழவில்லை, வீட்டுக்கு வந்து அழுதேன்.

7 ஜூன்
ஒரு வாரமாக மத்தியானங்களில் தூங்குகிறேன். மின்சார ரயில் சத்தம் தூக்கத்துக்குள் வருகிறது, கைகள் வருகின்றன, நான் சில்லறை தேடுகிறேன்.

இன்று கண் விழித்தபோது கேட்டுக்கு வெளியே ஆள். ஜெயசீலி. கோர்ட்டுக்குப் பிறகு இப்போதுதான் வருகிறாள். கையில் மீன் குழம்புத் தூக்கு. கேட்டைத் திறக்கத் தெரியாதவள் மாதிரி நின்றுகொண்டிருந்தாள். வெயிலில் முகம் கறுத்திருந்தது. கோபம் இன்னும் கொஞ்சம் இருக்கிறதா என்று தேடிப் பார்த்தேன், இருந்தது. ஆனாலும் எழுந்து போனேன்.

நான் என்ன சொல்லிக் கூப்பிடப் போகிறேன் என்று அவள் என் வாயையே பார்த்தாள்.

“வாடி ஜெயசீலி,” என்றேன். “இன்னாத்துக்கு வெயில்ல நிக்கிற? உள்ள வா.”

உதட்டைக் கடித்துக்கொண்டாள். தூக்கைக் கை மாற்றிக்கொண்டு, “வரேன்க்கா” என்றாள்.

சேர்ந்து சாப்பிட்டோம். எழுந்து என் தட்டையும் எடுத்துக்கொண்டு போய்க் கழுவினாள். நான் தடுக்கவில்லை.