ஜெரோப்பின் வலது பாதம்

அன்பு மகள் ஜெலகாட்டுக்கு அப்பா எழுதுவது. நானும் உன் அம்மாவும் உன் தம்பி கிமையோவும் உன் மகள் ஜெரோப்பும் ஆண்டவர் தயவில் பசியில்லாமல் இருக்கிறோம். ஜப்பான் குளிரில் ஓடுகிற நீயும் உன் முழங்காலும் பத்திரமாக இருக்க வேண்டும். எல்லோரும் நலம் என்று எழுதத்தான் கை போயிற்று, ஆனால் எழுதினால் பொய்யாகிவிடும். போனில் உன் முகத்தைப் பார்த்துச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை, அதனால்தான் இந்தக் காகிதம்.

மக்காச்சோளம் இந்த முறை நன்றாக விளைந்தது, கறுப்புப் பசு கன்று போட்டிருக்கிறது, உன் அம்மாவின் இருமல் குறைந்துவிட்டது. கிமையோவின் கல்யாணப் பேச்சும் முடிந்து பெண்ணுக்காக நாம் கொடுக்க வேண்டிய மாடுகள் வரைக்கும் பேசியாயிற்று. அந்தப் பேச்சில்தான் என் புத்தி கெட்டது. பெண் வீட்டார் நம் வீட்டைப் பார்க்க வந்து இரவு தங்கினார்கள் அல்லவா, அவர்கள் குலத்தில் எப்படி விசாரிப்பார்கள் என்று உனக்கே தெரியும், யாருக்காவது வலிப்பு உண்டா, யாருக்காவது அங்கக்குறை உண்டா என்று விருந்துக்குக் கொடுக்கும் பால் சுரைக்குடுக்கையைக் கையில் வாங்குவதற்கு முன்பே கேட்டுவிடுவார்கள். பிறக்கும்போதே உள்ளே வளைந்திருந்த வலது பாதத்துக்காக இரவில் ஜெரோப்புக்கு மாட்டும் அந்தப் பூட்ஸும் இரண்டையும் இணைக்கும் இரும்புப் பட்டையும் அவர்கள் கண்ணில் பட்டால் ரத்தத்தில் கோளாறு என்று சொல்லிவிடுவார்களோ என்று பயந்து, அதைக் கொண்டுபோய்ச் சோளக் குதிருக்குள் ஒளித்து வைத்தேன். உன் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "வேணாங்க, தினம் ராத்திரி மாட்டுவோம்னு ஜெலகாட்டுக்கு வாக்குக் குடுத்திருக்கோம்" என்றாள். "ஒரு ராத்திரியில என்ன குடி முழுகிடும்? சும்மா இரு" என்று அவள்மேல் எரிந்து விழுந்தேன்.

விருந்தினர் போன பிறகாவது எடுத்து மாட்டியிருக்கலாம். குழந்தை அன்றைக்குச் சிணுங்காமல் தூங்கினாள், கால் இரண்டும் தாராளமாய் உதைத்துக்கொண்டு கிடந்தாள், பாவம் இன்றைக்கும் தூங்கட்டும் என்று விட்டேன், பிறகு அதுவே பழக்கமாகிவிட்டது. உன் அம்மா கேட்கும்போதெல்லாம் கால் நேராகிவிட்டது, பிள்ளைகளுக்கு ஓட்டம் பழக்கி ஓடுகிற கால்களைப் பார்த்தே தலை நரைத்தவன் நான், எனக்குத் தெரியாதா என்று அடக்கினேன்.

உண்மையில் எனக்குத் தெரியாததா, மகளே? குதிகால் எலும்பு மேலே உள்ள எலும்போடு சேரும் மூட்டில்தான் பாதம் உள்ளேயும் வெளியேயும் சாய்கிறது, உள் கணுவுக்குப் பின்னால் இறங்கும் நாண் உள்ளங்காலை மற்றக் காலைப் பார்க்கும்படி இழுக்கிறது, வெளிக் கணுவுக்குப் பின்னால் ஓடும் நாண்கள் அதை வெளியே திருப்புகின்றன, உள்ளே சாய்வது அதிகம், வெளியே சாய்வது கொஞ்சம், அதனால்தான் நம் பிள்ளைகளுக்கு எப்போதும் உள்ளே மடங்கியே பிசகுகிறது என்று மைதானத்தில் தொண்டை வற்றக் கத்தினவன் நான். ஜெரோப்புக்கு உள்பக்க நாண் பிறக்கும்போதே குட்டை, மாவுக்கட்டுப் போட்டு இழுத்து வெளியே திருப்பி வைத்ததை அந்தப் பட்டை பிடித்து வைத்திருந்தது. பிடியை விட்டால் பாதம் பழைய பக்கத்துக்கே போகும் என்று வெளியாரிடம் சொல்லியிருக்கிறேன், என் வீட்டுக் கட்டிலில் மறந்துவிட்டேன்.

போன மழை நின்ற காலையில் முற்றத்துச் சேற்றில் ஒரு சுவடு பார்த்தேன். வெளி ஓரம் மட்டும் ஆழமாய்ப் பதிந்திருந்தது, பெருவிரல் பக்கம் மண்ணைத் தொடவே இல்லை. எந்தப் பையனடா இப்படி மிதிக்கிறான், கணுக்காலை உடைத்துக்கொள்ளப் போகிறான் என்று திட்ட வாயெடுத்தேன். அப்புறம்தான் அது என் உள்ளங்கையளவுகூட இல்லை என்று கண்ணில் பட்டது. அங்கேயே சேற்றில் உட்கார்ந்துவிட்டேன். குழந்தை வந்து என் தொப்பியைப் பிடுங்கிக்கொண்டு சிரித்தாள்.

ஆஸ்பத்திரியில் டாக்டரம்மா காலைத் திருப்பிப் பார்த்துவிட்டு, "வாத்தியாரே, நீங்களா இப்படிப் பண்ணுனீங்க?" என்று மட்டும் கேட்டார். மறுபடியும் மாவுக்கட்டுப் போட்டிருக்கிறார்கள், வாரம் தவறாமல் மாற்ற வேண்டும், சின்ன வயது, திரும்பிவிடும் என்கிறார், திரும்பாவிட்டால் நாணை இடம் மாற்றித் தைக்க வேண்டியிருக்கும் என்றும் சொன்னார், அதையும் உன்னிடம் மறைக்கவில்லை. கிமையோ, "என் கல்யாணத்துக்கு எங்க ஜெரோப் காலா பலி? நான் கேட்டேனாப்பா?" என்றான். அதன்பிறகு என்னோடு பேசுவதில்லை. நேற்று நானே பெண் வீட்டுக்குப் போய் எல்லாவற்றையும் சொன்னேன், என்ன முடிவு செய்வார்கள் என்று தெரியாது.

இன்னும் ஒன்று இருக்கிறது, அதுதான் என்னைத் தின்கிறது. போன மாதம் வீடியோவில், "அப்பா, பாப்பா காலைக் காட்டுங்க" என்று நீ கேட்டாய். நான் வலது காலின் மாவுக்கட்டைப் போர்வையால் மூடிவிட்டு, குறையில்லாத இடது காலைக் காட்டினேன். "ஐயோ, எவ்வளவு நேரா இருக்கு!" என்று நீ அழுதாய். அந்தச் சந்தோஷத்தோடு ஓட்டப் பந்தயத்துக்குப் போனாய், ஜெயித்தாய். ஊரே என் கையைக் குலுக்கியது, நானும் சிரித்துக்கொண்டு நின்றேன்.

வேளைக்குச் சாப்பிடு, ஈரக் காலுறையோடு உட்காராதே. பூட்ஸைக் குதிரிலிருந்து எடுத்துத் துடைத்து, கூடத்தில் வருகிறவர் எல்லோரும் பார்க்கும் இடத்தில் ஆணியில் மாட்டியிருக்கிறேன், கட்டுப் பிரித்ததும் குழந்தைக்கு மாட்டுவேன். ஆண்டவர் உன் கால்களையும் உன் பிள்ளையின் கால்களையும் காக்கட்டும். என்மேல் உனக்கு இருக்கும் கோபம் நியாயம், அதை அடக்காதே. அடுத்த முறை கூப்பிடும்போது மறக்காமல் வலது காலைக் காட்டச் சொல்.

முகம் காட்ட வெட்கப்படும் உன் அப்பா,
கிப்டாலாம்