ஏழு நிமிடம் ஆடியவருக்கு

மாப்பிள்ளை,

மண்ணெண்ணெய் போட்டுத் தேய்த்துப் பார்த்துவிட்டேன், விரலில் ஒட்டிய கறுப்புப் பெயின்ட் போகவில்லை. எதிரே முற்றத்தில் உருளைக்கிழங்கு மூட்டைகளின் மேல் நீர் மல்லாந்து கிடக்கிறீர். அந்தப் பழைய பிளெக்ஸ்தான். இந்தப் பக்கம் ஒரு புலி, அந்தப் பக்கம் ஒரு புலி, தலைக்குப் பின்னால் சூரியன், கழுத்தில் நீர் ஒரு நாளும் போடாத தங்கச் சங்கிலி. மூக்கை மட்டும் எலி தின்றுவிட்டது. காலையில் பிடித்த மழை உம் நெற்றியில் விழுந்து காதோரம் வடிந்துகொண்டிருக்கிறது.

நீர் முதன்முதலில் மன்னவனூர் வந்தது ஆடு பார்க்க. கொடைக்கானலில் பாடம் நடத்த வந்த மனைவியோடு ஐஸ்லாந்திலிருந்து வந்த மனிதர், வீட்டில் சும்மா உட்கார முடியாமல் மோட்டார் சைக்கிளில் மலை ஏறினீர். ஆடுகளைப் பத்து நிமிடம் பார்த்தீர். சரிவில் எங்கள் ஊர்ப் பையன்கள் பந்து உதைப்பதை மூன்று மணி நேரம் பார்த்தீர். கடைசியில் எழுந்து வந்து பாண்டியின் காலைப் பிடித்துத் திருப்பி வைத்தீர். காய்கறி லோடு அடிக்கும் பாண்டி, பிரேக்கை மிதிப்பது போலத்தான் பந்தையும் மிதித்துக்கொண்டிருந்தான். அன்று மாலை அவன் அடித்த பந்து அடுக்கம் தாண்டிப் பெரியகுளத்தில் போய் விழுந்தது. சரி, என் பூண்டுத் தோட்டத்தில் விழுந்தது.

அன்றிலிருந்து நீர் எங்கள் பயிற்சியாளர். எங்களிடமே தமிழ் பேசப் பழகி, நாம் மாமா மாப்பிள்ளை ஆன பிறகு, தேநீர்க் கடையில் வைத்து உம் சரித்திரத்தைக் கேட்டேன். துறைமுக ஊர் ஒன்றில் பிறந்து, காலையில் மீன் பெட்டி சுமந்து, மாலையில் ஊர் அணிக்குக் கோல் அடித்தவர். பக்கத்து நாட்டுக்காரர்கள் வந்து தங்கள் அணிக்கு ஆட இரண்டு வருடம் அழைத்துப் போனார்கள். முழங்கால் போயிற்று. திரும்பி வந்து அதே ஊர் அணிக்குப் பயிற்சியாளர் ஆனீர்.

"நாட்டுக்காக ஆடலையா மாப்ளே?"

"ஒரு தடவை, மாமா."

"எத்தன கோலு?"

"கோல் இல்ல. கடைசி ஏழு நிமிஷம் எறக்குனாங்க. பந்து வரல."

இதை இப்படியே ஊரில் போய்ச் சொல்ல முடியுமா? சர்க்கரை போடாமல் விருந்தாளிக்குக் காப்பி கொடுத்த கதை ஆகாதா? கடையிலிருந்து கோயில் வருவதற்குள் நூறு கோல் ஆக்கினேன். கோயிலிலிருந்து வீடு வருவதற்குள் ஆயிரம். அதில் ஒன்று, பனிப்புயலில், கண்ணைக் கட்டிக்கொண்டு, தலையால். பக்கத்து ஊரான போளூரின் அணியோடு பொங்கல் ஆட்டம் வந்தபோது திண்டுக்கல் வரை போய் நானே பிளெக்ஸ் அடித்து வந்தேன்: "ஆயிரம் கோல் கண்ட ஐஸ்லாந்துப் புயலே வருக!"

ஐந்துக்குப் பூஜ்யம் என்று தோற்றோம். ஆயிரம் கோல் அடித்தவர் ஓரத்தில் நின்றால் பந்து தானாகவே வலைக்குள் போய்விடும் என்று நம் ஆட்கள் நம்பிவிட்டார்கள். எவனும் ஓடவில்லை. போளூர்க்காரன் வேலி மேல் ஏறி நின்று கத்தினான்:

"ஏலே, அந்த ஆயிரத்துல ஒண்ணையாச்சும் இங்கிட்டு எடுத்து விடச் சொல்லுங்கலே!"

அப்போதுதான் நீர் பாண்டியிடம் பிளெக்ஸில் என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டீர். அவன் படித்துச் சொன்னான். நான் நிலம் பிளந்தால் இறங்கிவிடலாம் என்று தரையைப் பார்த்தேன். பிளக்கவில்லை. கெட்டித் தரை.

நீர் என்னைத் திட்டவில்லை. ஒரு நாற்காலியும் கறுப்புப் பெயின்ட்டும் கொண்டுவரச் சொன்னீர். "மாமா, நாற்காலியப் பிடிங்க" என்று மட்டும் சொன்னீர். பிடித்தேன். ஆயிரம் கோலின் மேல் ஒரு கோடு இழுத்து, பஸ் பலகை பார்த்துக் கற்ற அரைகுறைக் கோணல் எழுத்தில், "7 நிமிஷம்" என்று எழுதினீர். பிறகு இறங்கி, தரையில் உட்கார்ந்திருந்த பதினோரு பேரிடமும் சொன்னீர்:

"பந்து எனக்கு வரல. ஆனா ஏழு நிமிஷமும் ஓடுனேன். நீங்க இன்னைக்கு ஓடல."

அடுத்த பொங்கலுக்கு மூன்றுக்குப் பூஜ்யம். அதற்கடுத்ததற்கு ஒன்றுக்குப் பூஜ்யம். தோல்வி இவ்வளவு அழகாகக் குறைந்துவந்த ஊர் உலகில் வேறு இல்லை. இதை நான் கூட்டிச் சொல்லவில்லை.

அதன் பிறகு நீர் ஊர் திரும்பினீர். போன மழைக்காலத்தில் உம் மனைவி போனில் சொன்னார். துறைமுக ஊர் அணிக்குப் பயிற்சி முடித்து, ஈரக் காலணியோடு வாசற்படியில் உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லையாம்.

அன்றிலிருந்து இங்கே பயிற்சிக்கு யாரும் வரவில்லை. பாண்டியை லாரியிலேயே மறித்தேன்.

"கலைச்சிருவோம் மாமா. கோச்சு இல்லாம என்னத்துக்கு? பூண்டு நடவு கெடக்கு, அவனவனுக்குச் சோலி கெடக்கு."

"நான் இருக்கேன்ல!"

"நீங்களா? கோயில் படி ஏறவே நடுவுல ரெண்டு வாட்டி உக்காருவீங்க."

"மூணு வாட்டி. போளூர் ஆட்டம் ஆடணும்டா."

அவன் லாரியைக் கிளப்பினான். "அது ஒண்ணு ஆடுவோம். அதோட சரி. உங்களுக்காக."

அதோட சரி என்பதை மட்டும் என் காது ஏற்கவில்லை. மறுநாள் விடியுமுன் எவர்சில்வர் தட்டும் கரண்டியுமாகக் கிளம்பினேன். பதினோரு வீட்டு வாசலிலும் தட்டினேன். நாய்கள் முதலில் வந்தன. பிறகு வசவு வந்தது. பிறகு ஆட்கள் வந்தார்கள். எனக்கு ஆட்டம் தெரியாது. ஓடச் சொல்ல மட்டும் தெரியும். அதையே தினமும் சொன்னேன்.

நேற்று பொங்கல் ஆட்டம். பனி மூட்டம் முழங்கால் வரை. இரண்டுக்கு ஒன்று, போளூர் முன்னால். ஆமாம், நாமும் ஒன்று அடித்தோம்! முடியப் போகிற நேரம் பார்த்து நம் ஆள் ஒருவனுக்குக் கணுக்கால் பிசகிவிட்டது. மாற்று ஆள் கிடையாது. பாண்டி என்னைப் பார்த்தான். நான் பின்னால் திரும்பிப் பார்த்தேன், வேறு யாரும் இல்லை. வேட்டியை மடித்துக் கட்டி இறங்கினேன்.

"தாத்தாவ எறக்கிட்டானுகடோய்!" என்றது அதே வேலி.

ஓடினேன் மாப்பிள்ளை. பந்து வலப்பக்கம் போனால் நானும் போனேன். நான் போய்ச் சேர்வதற்குள் அது இடப்பக்கம் போயிற்று. நெஞ்சுக்குள் கொல்லன் பட்டறை வைத்தான். எனக்குப் பந்து வரவில்லை. ஒரு முறைகூட வரவில்லை. விசில் ஊதும்போதும் ஓடிக்கொண்டிருந்தேன். நிறுத்தத் தெரியாமல் இன்னும் நாலு எட்டு ஓடினேன். இரண்டுக்கு ஒன்று. தோற்றுவிட்டோம்.

இன்று காலை மழையில் பாண்டி வந்தான், பெயின்ட் டப்பாவோடு. சொல்லாமல் கொள்ளாமல் மூட்டை மேல் ஏறி, ஈரத்தைத் துண்டால் ஒற்றி, உம் கோணல் எழுத்துக்கு அடியில் எழுதினான்: "மாமா: 10 நிமிஷம்."

நான் பிரஷைப் பிடுங்கினேன். பத்தின் மேல் கோடு இழுத்து, பக்கத்தில் ஆறு என்று எழுதினேன். பிடுங்கிய வேகத்தில் விரலெல்லாம் பெயின்ட்.

"ஆறுதான்டா. கடிகாரத்தப் பாத்துட்டுத்தான் எறங்குனேன்."

அவன் சிரித்தான். டப்பாவை மூடி, லாரியில் ஏறி, கண்ணாடியை இறக்கிச் சொன்னான்:

"தட்ட எடுத்துக்கிட்டு வெள்ளனே வந்துருங்க மாமா. என் வீட்டுலேர்ந்து ஆரம்பிங்க."

நாளைக்கு உருளைக்கிழங்கு லோடு ஏற்ற வேண்டும், மழையும் விடாது போலிருக்கிறது. தட்டையும் கரண்டியையும் துடைத்துத் தலைமாட்டில் வைத்திருக்கிறேன்.